அடிவானம் எங்கே இருக்கிறது? மேற்கத்திய நிலக்காட்சி ஓவியங்களுக்கு ஓர் அறிமுகம்

ஐரோப்பிய அருங்காட்சியகம் ஒன்றின் இணையதளத்தைத் திறந்தால் மலை, ஆறு, வயல், மேகம் என்று நூற்றுக்கணக்கில் ஓவியங்கள் வரும். முதல் பார்வைக்கு எல்லாம் ஒன்றுபோலத்தான் தெரியும். அழகான இடம், நல்ல வெளிச்சம், ஓரத்தில் நாலு மரம். எதை நின்று பார்ப்பது, எதைக் கடந்து போவது என்று பிடிபடாது. புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர்களுக்கு நான் சொல்லும் வழி எளிது. எந்த நிலக்காட்சியைப் பார்த்தாலும் இரண்டு கேள்விகள் கேளுங்கள். அடிவானக் கோடு எந்த உயரத்தில் இருக்கிறது? மனிதர்கள் எங்கே, எவ்வளவு பெரிதாக இருக்கிறார்கள்?

இந்தக் கேள்விகளுக்கான விடை நூற்றாண்டுக்கு நூற்றாண்டு மாறிக்கொண்டே வந்திருக்கிறது. அது ஏன் மாறியது என்று தேடிப் போனால் மதம், பணம், ரயில், வண்ணக்குழாய் எல்லாம் வந்து நிற்கும். இயற்கைமேல் உள்ள அன்பு மட்டும் இந்த ஓவியங்களை உண்டாக்கிவிடவில்லை.

நிலத்தை வரைவது ஓவியனுக்கு முதலில் தோன்றும் வேலை என்றுதான் நாம் நினைப்போம். கண்ணெதிரே இருப்பதுதானே! ஆனால் ஐரோப்பாவில் நிலம் மட்டுமே பொருளாக அமைந்த எண்ணெய் ஓவியம் 1500-க்குப் பிறகுதான் வருகிறது. அதற்கு முன் பழைய ரோமானியர்களுக்கு அந்த ஆசை இருந்தது. பேரரசர் அகஸ்டஸின் மனைவி லிவியாவுக்கு ரோமுக்கு வெளியே ப்ரிமா போர்ட்டாவில் ஒரு மாளிகை இருந்தது. அங்கே பாதி நிலத்துக்குள் இறங்கிய ஓர் அறையின் நான்கு சுவர்களிலும் ஒரு முழுத் தோட்டத்தையே வரைந்து வைத்தார்கள். பழம் தொங்கும் மாதுளை, பூச்செடிகள், கிளைகளில் பறவைகள். கிமு முதல் நூற்றாண்டு வேலை அது. சுவர்களைப் பெயர்த்து இப்போது ரோமின் பலாட்ஸோ மாஸிமோ அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள்.

ரோமப் பேரரசு விழுந்தபின் அந்த ஆசையும் ஒடுங்கியது. இடைக்காலத் தேவாலய ஓவியங்களில் வானம் இருக்க வேண்டிய இடத்தில் தங்கத் தகடு ஒட்டப்பட்டிருக்கும். மாதாவும் புனிதர்களும் இருப்பது காலமும் வெயிலும் மழையும் தொடாத இடம். அங்கே அடிவானத்துக்கு வேலை இல்லை. கதைக்கு மலை தேவைப்பட்டால் ஒரு பாறையை வைத்து முடித்துவிடுவார்கள். சென்னினோ சென்னினி என்ற இத்தாலிய ஓவியர் 1400 வாக்கில் எழுதிய கைநூலில், மலை வரைய வேண்டுமானால் கரடுமுரடான பெரிய கற்களை எடுத்து வைத்து அவற்றைப் பார்த்து வரையுங்கள் என்றே சொல்கிறார்.

இதற்கிடையே சியனா நகரில் ஒரு விதிவிலக்கு. அம்ப்ரோஜியோ லொரென்ஸெட்டி 1338-39இல் அந்த நகர மன்றத்தின் சுவரில் நல்லாட்சியின் விளைவுகளை வரைந்தார். நகர வாசலைத் தாண்டினால் உழுத வயல், திராட்சைத் தோட்டம், பொதி சுமந்து வரும் கழுதைகள், பயமில்லாமல் நடமாடும் மனிதர்கள் என்று மலைச்சரிவு முழுக்க நீள்கிறது. நிலம் இங்கே ஆட்சிக்குச் சாட்சியாக வந்திருக்கிறது. அழகுக்காக வரவில்லை என்றாலும், மனிதன் உழைத்து உருவாக்கிய நிலத்தை இவ்வளவு பொறுமையாகப் பார்த்த ஓவியம் அதற்கு முன் ஐரோப்பாவில் இல்லை என்றே நினைக்கிறேன்.

அடுத்த நூறு ஆண்டுகளில் தங்கம் மெல்ல விலகி, பின்னணியில் உண்மையான ஊர்கள் எட்டிப் பார்க்கின்றன. 1444இல் கொன்ராட் விட்ஸ் என்பவர் இயேசு நீர்மேல் நடக்கும் காட்சியை வரைந்தார். பைபிளில் அது கலிலேயாக் கடல். விட்ஸ் வரைந்ததோ ஜெனீவா ஏரி. பின்னால் பனி மூடிய ஆல்ப்ஸ் மலைகளை இன்றும் அடையாளம் காட்டலாம். லியனார்டோ டா வின்ச்சி 1473 ஆகஸ்ட் 5 என்று தேதியிட்டு ஆர்னோ பள்ளத்தாக்கை மசியால் வரைந்த தாள் ஒன்று இருக்கிறது. அதில் கதையே இல்லை. ஜெர்மன் ஓவியர் ட்யூரர் ஆல்ப்ஸைக் கடந்து போன வழியில் நீர்வண்ணத்தில் மலைகளையும் கோட்டைகளையும் பதிந்துகொண்டார். தாள் மலிவு, யாரும் காசு கொடுத்து வரையச் சொல்லவில்லை. அதனால்தான் இந்தச் சுதந்திரம் முதலில் தாளில் கிடைத்தது.

உயர்ந்த அடிவானம்

இன்றைய பெல்ஜியத்தில் உள்ள ஆண்ட்வெர்ப் நகரத்தின் ஓவியர் யோவாகிம் பாட்டினியர் 1524இல் இறந்தார். அதற்கு 3 ஆண்டுகள் முன் அவரைச் சந்தித்த ட்யூரர், தன் நாட்குறிப்பில் அவரை நல்ல நிலக்காட்சி ஓவியர் என்று குறித்து வைத்தார். பாட்டினியரின் ஓவியத்தில் அடிவானம் சட்டகத்தின் உச்சியை நெருங்கி நிற்கும். மலை உச்சியில் நின்று உலகத்தையே பார்ப்பதுபோல் ஆறு, துறைமுகம், பாறை, ஊர், கடல் எல்லாம் கீழே விரியும். நடுவில் எங்கோ ஒரு புனிதர் சின்னதாக உட்கார்ந்திருப்பார். கதை இன்னும் இருக்கிறது, ஆனால் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். உலகத்தின் சரக்கெல்லாம் வந்து இறங்கிய துறைமுகம் ஆண்ட்வெர்ப். அந்த ஊர் வணிகர்களுக்கு உலகத்தை ஒரே பலகையில் விரித்துப் பார்க்கும் ஆசை இருந்ததில் வியப்பில்லை.

இவரிடம் ஒரு சூத்திரத்தையும் கவனிக்கலாம். முன்புறம் பழுப்பு, நடுப்பகுதி பச்சை, தொலைவு நீலம். தூரத்து மலை நீலமாகத் தெரிவது நாம் எல்லோரும் பார்த்ததுதான். நமக்கும் மலைக்கும் இடையே உள்ள காற்று, ஒளியின் நீலப் பகுதியை அதிகம் சிதறடிக்கிறது. தூரம் கூடக்கூட அந்த நீலம் படிந்து மலையின் சொந்த நிறம் மங்குகிறது. கோடுகளை ஒரு புள்ளியில் குவிப்பது ஆழத்தைக் காட்ட ஒரு வழி என்றால், நிறத்தை மங்கவைப்பது இன்னொரு வழி. நிலக்காட்சியில் கட்டடங்கள் குறைவு, நேர்கோடு கிடைக்காது. அதனால் இந்த இரண்டாவது வழியில்தான் அது பெரிதும் நிற்கிறது.

ஏறத்தாழ இதே காலத்தில் ஜெர்மனியின் டான்யூப் ஆற்றுப் பக்கத்தில் ஆல்ட்டோர்ஃபர் ஒரு மரப்பாலத்தையும் மரங்களையும் எண்ணெய் வண்ணத்தில் வரைந்தார். அதில் மனிதர் ஒருவர்கூட இல்லை. லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கும் அந்தச் சிறிய ஓவியம் ஐரோப்பாவின் முதல் தூய நிலக்காட்சிகளில் ஒன்று.

அப்புறம் பீட்டர் ப்ரூகல். 1565இல் ஆண்ட்வெர்ப் வணிகர் நிக்ளாஸ் யோங்கலிங்க்கின் வீட்டுக்காக ஆண்டின் பருவங்களை வரிசையாக வரைந்தார். அதில் 5 ஓவியங்கள் மிஞ்சியிருக்கின்றன, 3 வியன்னாவில். பனியில் திரும்பும் வேட்டைக்காரர்கள் அவற்றில் ஒன்று. இடப்பக்கம் மூன்று பேர் முதுகைக் காட்டிக்கொண்டு நாய்களோடு மேட்டில் இறங்குகிறார்கள். பெரிதாக எதுவும் கிடைக்கவில்லை. ஒருவன் தோளில் ஒரே ஒரு நரி. அவர்கள் முன்னால் பள்ளத்தாக்கு விழுகிறது, உறைந்த குளங்களில் மக்கள் சறுக்கி விளையாடுகிறார்கள், அதற்கும் அப்பால் ஆல்ப்ஸ் மாதிரிப் பாறைமுனைகள். ஆண்ட்வெர்ப் இருக்கும் ஃபிளாண்டர்ஸ் தட்டையான நாடு, அங்கே அப்படி மலை கிடையாது. இத்தாலி போய்வந்த வழியில் பார்த்த மலையை ஊர்க் குளத்துக்குப் பின்னால் கொண்டுவந்து வைத்துவிட்டார். வானத்துக்கும் பனிக்கட்டிக்கும் ஒரே சாம்பல்பச்சை நிறம். குளிரை நிறத்தால் சொல்ல முடியும் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை. இங்கே புனிதர் இல்லை, கிரேக்கத் தெய்வம் இல்லை. பருவமும் அதில் பிழைக்கும் மனிதர்களும்தான் கதை.

வானம் இறங்கி வருகிறது

1600-களில் ஹாலந்து ஓவியத்துக்குப் போங்கள். அடிவானம் திடீரென்று கீழே விழுந்திருக்கும். சட்டகத்தின் மூன்றில் இரண்டு பங்கு வெறும் மேகம். மேட்டில் நின்று உலகைப் பார்த்த கண் இப்போது தரையில், ஆற்றங்கரையில் நிற்கிறது.

காரணங்கள் பல. நாடே தட்டை, அதில் ஒரு பகுதி கடலிடமிருந்து மீட்ட நிலம். ஸ்பானிய மன்னரோடு பல பத்தாண்டுகள் போரிட்டு வென்ற நாடு என்பதால் சொந்த மண்ணின் மணல்மேடும் படகுத்துறையும் பார்க்கத் தகுந்தவை ஆகிவிட்டன. ஆனால் என் கணிப்பில் பெரிய காரணம் சந்தைதான். கால்வினியப் புராட்டஸ்டண்ட் தேவாலயங்கள் பலிபீட ஓவியங்களை ஒதுக்கிவிட்டன. முன்பு ஓவியனுக்குச் சோறு போட்ட பெரிய புரவலர் போய்விட்டார். அந்த இடத்துக்கு வந்தவர்கள் துணி வியாபாரி, ரொட்டிக்கடைக்காரர், கப்பல் பங்குதாரர். அவர்கள் வீட்டுச் சுவருக்குச் சின்ன ஓவியம், கட்டுப்படியாகும் விலையில் வேண்டும். ஓவியன் யாரும் கேட்காமலேயே வரைந்து சந்தையில் விற்கத் தொடங்கினான். ஒருவர் ஆறு மட்டும், இன்னொருவர் குளிர்காலம் மட்டும், வேறொருவர் மாடு மேயும் புல்வெளி மட்டும் என்று தொழில் பிரிந்தது.

யான் வான் கோயனை எடுத்துக்கொள்ளுங்கள். பழுப்பு, சாம்பல், மங்கிய பச்சை என்று கொஞ்சம் நிறங்களை மட்டும் வைத்து, மெல்லிய பூச்சில், ஈரம் காய்வதற்குள் வேகமாக வரைவார். பல இடங்களில் அடிப்பலகையின் மர ரேகையே தெரியும். விலை குறைத்து நிறைய விற்க வேண்டும் என்ற தேவையிலிருந்து வந்த முறை அது. ஆனால் ஹாலந்தின் ஈரக் காற்றுக்கு அதைவிடப் பொருத்தமான முறை இல்லை. ஆயிரத்துக்கும் மேல் ஓவியங்கள் வரைந்தும், துலிப் கிழங்கு ஊக வணிகத்தில் பணத்தை விட்டு, 1656இல் கடனோடு இறந்தார்.

யாக்கோப் வான் ராய்ஸ்டால் வேறு ரகம். ஹார்லெம் நகரத்தை மணல்மேட்டிலிருந்து அவர் வரைந்த ஓவியங்களில் பெரிய தேவாலயம் அடிவானத்தில் ஒரு சிறு கட்டையாகத் தெரியும். அதன்மேல் மேகங்கள் மலைபோல் அடுக்கி நிற்கும். கீழே வயலில் வெள்ளைப் பட்டைகள்: வெயிலில் வெளுக்க விரித்த லினன் துணிகள். ஹார்லெமின் பிழைப்பு அதுதான். மேகத்தின் நிழல் நகர்ந்து ஒரு துண்டு நிலத்தில் மட்டும் வெயில் விழும். அந்த வெயில் துணிமேல் விழும்படி அமைத்திருப்பார். வானிலையும் ஊரின் வருமானமும் ஒரே வெளிச்சத்தில் வந்து சேர்கிற இடம். ஹாலந்து ஓவியர்களில் ஒருவரை மட்டும் பார்க்க நேரம் இருக்கிறது என்றால் ராய்ஸ்டாலைப் பாருங்கள்.

மரம், பாலம், மாலைச் சூரியன்

அதே காலத்தில் ரோமில் வேறொரு மாதிரி உருவானது. பிரான்சின் லொரைன் பகுதியிலிருந்து வந்த க்ளோத் லொரைன், ரோமைச் சுற்றியுள்ள சமவெளியை அதிகாலையிலும் மாலையிலும் கவனித்து, பிறகு ஓவியக்கூடத்தில் உட்கார்ந்து கற்பனையாக ஓர் உலகைக் கட்டினார். முன்புறம் ஒரு பக்கம் இருண்ட பெரிய மரம், மறுபக்கம் இடிந்த கோயில் தூண்கள், நடுவில் ஆறும் பாலமும், தொலைவில் பொன்னொளி. நாடக மேடையின் பக்கத் திரைகள்போல் அவை நம் கண்ணை நடுவே தள்ளிக்கொண்டு போகும். துறைமுகக் காட்சிகளில் சூரியனையே நேராக நம் எதிரில் வைத்தார். புராணக் கதாபாத்திரங்கள் மூலையில் சின்னதாக நிற்பார்கள். அவரைப் பார்த்துப் போலி ஓவியங்கள் வரத் தொடங்கியதால், விற்ற ஒவ்வோர் ஓவியத்துக்கும் ஒரு வரைபடம் எடுத்து ஏட்டில் சேர்த்தார். அந்த ஏடு இன்று பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

புராணக் கதாபாத்திரங்கள் ஏன் தேவைப்பட்டார்கள்? மதிப்புக்காக. பிரெஞ்சு அரச ஓவியக் கழகமான அகாடமியின் 1667 உரைகளுக்கு முன்னுரை எழுதிய ஃபெலிபியன், ஓவிய வகைகளை ஏணிபோல் அடுக்கினார். வரலாறும் புராணமும் உச்சியில், பழமும் பூவும் அடியில், நிலக்காட்சி அதற்குச் சற்று மேலே. அதனால் நல்ல பெயர் வேண்டிய நிலக்காட்சி ஓவியர் ஒரு தெய்வத்தையோ தீர்க்கதரிசியையோ மூலையில் சேர்த்துக்கொள்வார்.

அடுத்த நூற்றாண்டில் இங்கிலாந்துப் பிரபுக்கள் க்ளோதின் ஓவியங்களை அள்ளிக்கொண்டு வந்தார்கள். தோட்டங்களை அவர் ஓவியம்போல் மாற்றி அமைத்தார்கள். சுற்றுலா போனவர்கள் அவர் பெயரால் அழைக்கப்பட்ட, கறுப்புச் சாயமேற்றிய குவிந்த கண்ணாடி ஒன்றைக் கையில் வைத்திருந்தார்கள். காட்சிக்கு முதுகைத் திருப்பி நின்று, கண்ணாடியில் சின்னதாக, பழுப்பேறித் தெரியும் பிம்பத்தைப் பார்ப்பார்கள். ஓவியம் நிலத்தைப் பார்க்கக் கற்றுக்கொடுத்து, பிறகு நிலம் ஓவியம்போல் இருந்தால்தான் அழகு என்றாகிவிட்டது.

இந்தக் கண்தான் நம் ஊருக்கும் வந்தது. ஆங்கில ஓவியர்களான தாமஸ் டேனியலும் அவருடைய சகோதரர் மகன் வில்லியமும் 1786 முதல் 1793 வரை இந்தியாவில் சுற்றி வரைந்தார்கள். 1792இல் தெற்கே வந்து மதுரை, தஞ்சாவூர், மாமல்லபுரம் எல்லாம் வரைந்தார்கள். திருநெல்வேலிப் பக்கத்துப் பாபநாசம் அருவியும், களக்காடு அருகே நின்று பார்த்த மலைக்காட்சியும் அவர்களுடைய 144 அச்சுப் படங்களின் தொகுப்பில் இடம்பெற்றன. தமிழகத்தின் மலையும் அருவியும் ஐரோப்பிய நிலக்காட்சி முறையில் லண்டன் வரவேற்பறைகளுக்குப் போனது இப்படித்தான். அந்தப் படங்களின் துல்லியத்தை நான் மதிக்கிறேன். ஆனால் அவற்றைப் பார்க்கும்போது, மரத்தை ஓரத்தில் நிறுத்தி வெளிச்சத்தை நடுவில் வைக்கும் அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்பதையும் தெரிந்துகொண்டு பார்க்க வேண்டும்.

மேகத்துக்குத் தேதி போட்டவர்

இங்கிலாந்தில் கெயின்ஸ்பரோ உருவப்படத்தில் சம்பாதித்தார், மனம் நிலக்காட்சியில் இருந்தது. மேசைமேல் உடைந்த கல், காய்ந்த செடி, கண்ணாடித் துண்டு வைத்து அவற்றையே மலை, மரம், நீர் என்று பாவித்து வரைந்தார். சென்னினி சொன்ன கல் 350 ஆண்டுகளுக்குப் பிறகும் மேசையில்தான் இருந்தது!

அதை மேசையிலிருந்து எடுத்தெறிந்தவர் ஜான் கான்ஸ்டபிள். மாவு ஆலை முதலாளியின் மகன். ஸ்டூர் ஆற்றங்கரையில் தான் வளர்ந்த சில மைல் நிலத்தையே திரும்பத் திரும்ப வரைந்தார். 1821-22இல் லண்டனின் ஹாம்ஸ்டெட் மேட்டில் உட்கார்ந்து மேகங்களை மட்டும் எண்ணெய் வண்ணத்தில் வரைந்து, பின்பக்கம் தேதி, நேரம், காற்றின் திசை எல்லாம் எழுதி வைத்தார். பல படங்களில் அடிவானமே இல்லை. வானிலையை ஆராய்ந்த லூக் ஹவார்ட் மேகங்களுக்கு வகைப்பெயர் வைத்து 20 ஆண்டுகள்கூட ஆகவில்லை அப்போது.

அவருடைய புகழ்பெற்ற வைக்கோல் வண்டி ஓவியம் 1821இல் லண்டனில் விற்கவில்லை. 1824இல் பாரிஸ் கண்காட்சிக்குப் போய்த் தங்கப் பதக்கம் பெற்றது. இலைகளில் வெள்ளைப் புள்ளிகளாக வெளிச்சம் சிதறும் அந்த முறை பிரெஞ்சு ஓவியர்களை அசைத்தது. ஆனால் ஒன்றையும் சொல்ல வேண்டும். அந்த ஆண்டுகளில் கிழக்கு இங்கிலாந்தில் கூலி குறைந்து, விவசாயத் தொழிலாளர்கள் கலகத்தில் இறங்கிக்கொண்டிருந்தார்கள். ஓவியத்தில் தூரத்துப் புல்வெளியில் அறுவடைக்காரர்கள் வெள்ளைப் புள்ளிகளாக அமைதியாக இருக்கிறார்கள். மனிதர்கள் எவ்வளவு பெரிதாக இருக்கிறார்கள் என்ற கேள்வியை நான் ஆரம்பத்திலேயே கேட்கச் சொன்னது இதற்காகத்தான்.

அவரைவிட ஓராண்டு மூத்தவர் டர்னர். க்ளோதின்மேல் அவருக்கு இருந்த பக்தி போட்டியாகவே மாறியது. தன் ஓவியங்கள் இரண்டை க்ளோதின் ஓவியங்களுக்குப் பக்கத்தில் மாட்ட வேண்டும் என்று உயில் எழுதினார்; லண்டன் நேஷனல் கேலரியில் இன்றும் அப்படியே மாட்டியிருக்கிறார்கள். ஆனால் வயதாக ஆக, க்ளோதின் ஒளி மட்டும் மிஞ்சி மரமும் தூணும் கரைந்துபோயின. 1844இல் வரைந்த மழை, நீராவி, வேகம் என்ற ஓவியத்தில் மேடன்ஹெட் பாலத்தில் ரயில் வருகிறது; அடிவானம் மழையில் கரைந்து காணாமல் போகிறது.

ஜெர்மனியில் காஸ்பர் டேவிட் ஃப்ரீட்ரிக் எதிர்த்திசையில் போனார். கடலோரத் துறவி ஓவியத்தில் ஒரு மணல் பட்டை, ஒரு கறுத்த கடல் பட்டை, மீதி எல்லாம் வானம். கட்டைவிரல் அளவில் ஒரு மனிதன், முதுகைக் காட்டிக்கொண்டு. முதலில் கடலில் கப்பல்களை வரைந்து, பிறகு அழித்திருக்கிறார் என்று ஆய்வில் தெரியவந்திருக்கிறது. கண் பிடித்துக்கொள்ள எதுவும் இருக்கக் கூடாது என்று முடிவு செய்திருக்க வேண்டும். அதற்கு முன் 1808இல் மலைமேல் சிலுவையும் ஊசியிலை மரங்களும் கொண்ட நிலக்காட்சியைப் பலிபீட ஓவியமாக வரைந்தபோது, நிலக்காட்சி பலிபீடத்தில் ஏறலாமா என்று பெரிய சர்ச்சையே எழுந்தது. புனிதரின் பின்னால் ஒண்டிக்கொண்டிருந்த நிலம் புனிதரின் இடத்தையே கேட்ட தருணம் அது.

அமெரிக்காவில் இந்தப் பிரம்மாண்டம் அரசியலாகவே ஆனது. தாமஸ் மோரன் 1871இல் யெல்லோஸ்டோனுக்குப் போய் வரைந்த படங்கள் அதை அடுத்த ஆண்டே தேசியப் பூங்காவாக அறிவிக்க உதவின. மனிதக் கால் படாத பூமி என்று அந்த ஓவியர்கள் காட்டிய பல இடங்களில் பூர்வகுடிகள் காலங்காலமாக வாழ்ந்துகொண்டிருந்தார்கள்.

தகரக் குழாயும் அல்லிக் குளமும்

1841இல் ஜான் காஃப் ராண்ட் என்ற அமெரிக்க ஓவியர் மடக்கக்கூடிய தகர வண்ணக்குழாய்க்குக் காப்புரிமை பெற்றார். அதற்கு முன் வண்ணத்தைப் பன்றியின் சிறுநீர்ப்பையில் கட்டி வைப்பார்கள். ஊசியால் குத்திப் பிதுக்க வேண்டும், சீக்கிரம் காய்ந்துவிடும். வெளியே போய் எண்ணெயில் சிறு படம் வரைந்தவர்கள் முன்பும் உண்டு. குழாய் வந்தபின் அது வசதியானது. ரயிலும் வந்துவிட்டது, பாரிஸிலிருந்து காலையில் கிளம்பி ஆற்றங்கரையில் வரைந்துவிட்டு மாலையில் திரும்பலாம். ஃபோந்தேன்ப்ளோ காட்டோரத்து பார்பிஸோன் கிராமத்தில் தெயோதோர் ரூஸோ முதலியோர் தங்கி வரைந்தார்கள். கதாபாத்திரம் இல்லாத சாதாரண ஓக் மரத்தை அவர்கள் பெரிய ஓவியத்துக்குத் தகுந்த பொருளாக்கினார்கள்.

அந்த வழியில் வந்தவர் க்ளோத் மோனே. 1890-91இல் ஷிவெர்னியில் தன் வீட்டுப் பக்கத்து வயலில் நின்ற கோதுமைப் போர்களை ஏறத்தாழ 25 முறை வரைந்தார். பல கேன்வாஸ்களைச் சேர்த்து வைத்துக்கொண்டு, வெளிச்சம் மாற மாற ஒன்றை வைத்துவிட்டு அடுத்ததை எடுப்பார். போர் அதேதான், காலை, பனி, அந்தி என்று ஒளிதான் மாறுகிறது. ஒரு இடத்தின் ஓவியம் என்பது ஒரு நேரத்தின் ஓவியமாக ஆனது இங்கேதான். கடைசி காலத்தில் தானே வெட்டிய குளத்தை வரைந்தார். பாரிஸ் ஒரான்ஜெரியில் 1927இல் திறக்கப்பட்ட இரண்டு நீள்வட்டக் கூடங்களில் 8 பெரிய அல்லி ஓவியங்கள் நம்மைச் சுற்றி வளைந்து நிற்கின்றன. அவற்றில் அடிவானத்தைத் தேடினால் கிடைக்காது. வானம் நீருக்குள் பிரதிபலிப்பாக இருக்கிறது. மனிதரும் இல்லை.

இதற்குள் மற்றவர்களும் வேறு வேறு வாசல்களைத் திறந்துவிட்டார்கள். பிரெஞ்சு ஓவியர் செசான் தன் ஊர்ப் பக்கத்துச் செயின்ட் விக்துவார் மலையைப் பல ஆண்டுகள் வரைந்து அதை நிறக்கட்டிகளாக அடுக்கினார். மாஸ்கோவில் மோனேயின் வைக்கோல்போர் ஒன்றைப் பார்த்த, பின்னாளில் ஓவியரான கண்டின்ஸ்கிக்கு முதலில் அது என்னவென்றே தெரியவில்லை; ஆனாலும் ஓவியம் மனதைவிட்டு அகலவில்லை என்று பின்னர் எழுதினார். ஹாலந்தின் தட்டை நிலத்தையும் கடலையும் வரைந்துகொண்டிருந்த மோந்ரியான் 1915 வாக்கில் அவற்றைக் குறுக்கும் நெடுக்குமான சிறு கோடுகளாகக் குறைத்தார். எந்தப் பொருளையும் காட்டாமல் நிறமும் கோடும் மட்டுமாக அமையும் அருவ ஓவியத்துக்குப் போன பாதைகளில் முக்கியமான ஒன்று நிலக்காட்சி வழியாகத்தான் போனது.

ஆனாலும் மரத்தைப் பார்த்து மரத்தை வரைவது நின்றுவிடவில்லை. டேவிட் ஹாக்னி 2007இல் யார்க்‌ஷயரில் இலையுதிர்ந்த மரக்கூட்டம் ஒன்றை 50 கேன்வாஸ்களை இணைத்து, 12 மீட்டர் அகலத்தில் வரைந்தார். அதில் கிளைகள் சட்டகத்தின் உச்சிவரை நிரம்பியிருக்கும். கீழ்ப்பகுதியில் வளைந்து போகும் ஒரு சாலையும் சில வீடுகளும். அடிவானம் எங்கே என்று இந்த முறை நீங்களே தேடிப் பாருங்கள். டேட் அருங்காட்சியகத்தின் இணையதளத்தில் அந்த ஓவியம் இருக்கிறது.